கட்டிலுக்குக் கீழே

பன்னிரண்டு வருடம் பக்கத்திரைக்குள் உட்கார்ந்தவன் நான்.
'ஜாமீன் கையெழுத்து' நாடகத்தில்
எல்லோருடைய வசனமும் எனக்குத் தெரியும்.
எனக்கென்று ஒன்றும் கிடையாது.

தல்லாகுளம் மேடையில் இரண்டே முக்கால் மணி நேரம்.
சென்னைத் தொலைக்காட்சிக்கு ஐம்பது நிமிடம் போதுமாம்.
பாண்டியன் எக்ஸ்பிரஸில் விடிய விடிய
சிவப்புப் பென்சிலால் வெட்டிக்கொண்டே போனோம்.
திண்டுக்கல்லில் ஊமைத் தம்பி போனான்.
திருச்சியில் இரண்டு கோமாளிகளும் கோர்ட் குமாஸ்தாவும்.
விழுப்புரம் தாண்டும்போது
கதாநாயகியின் கல்யாணமே போய்விட்டது.
பரிமளகாந்தி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்,
எழும்பூரில் இறங்கும்வரை யாரோடும் பேசவில்லை.

ஸ்டுடியோவில் சுவர் மூன்றுதான்.
நாலாவது இருக்கவேண்டிய இடத்தில்
சக்கரம் வைத்த காமிராக்கள்.
"பிராம்ப்டரா? அதெல்லாம் இங்கே கிடையாது சார்."
கிருபாநிதி தயாரிப்பாளரின் கையைப் பிடித்துக்கொண்டான்:
"இவன் இல்லாட்டி எனக்கு நாக்கு எழும்பாது."
அந்த நடுக்கம் நடிப்பில்லை.

ஆகவே நான் கட்டிலுக்குக் கீழே,
குப்புறப் படுத்து, டார்ச் விளக்கைத் தாடையில் இடுக்கி.
முகத்துக்கு நேரே கிருபாநிதியின் கால்.
இத்தனை வருடம் நான் பார்த்திராத நடிப்பு ஒன்று
அந்தக் காலில் இருந்தது:
மேலே குரல் கோபப்படும்போது
கட்டைவிரல் மட்டும் தரையைக் கெஞ்சிக்கொண்டிருந்தது.

"நான் போட்டது கையெழுத்தா?
என் வீட்டைத் தூக்கி அவன் தலையில வச்சேன்டா!"

இந்த இடத்தில் கைதட்டல் வரும்.
தல்லாகுளத்தில் வரும், தேனியில் வரும்,
மழையில் நனைந்த மேலூரில்கூட வந்தது.
கிருபாநிதி வழக்கம்போல நின்றான், அது வடியட்டும் என்று.
ஏ.சி. இரைந்தது.
வேறொன்றும் வரவில்லை.
மேலும் நின்றான்.
கட்டைவிரலும் நின்றுவிட்டது.

மறந்துவிட்டான் என்று நினைத்து
(மறக்கவில்லை என்று இன்றுவரை சத்தியம் செய்கிறான்)
எடுத்துக் கொடுத்தேன்:
"இனிமே அது அவன் வீடு."

தலைக்கு மேலே எங்கேயோ ஒரு மைக் தொங்கியதை
யாரும் எனக்குச் சொல்லவில்லை.

செவ்வாய்க்கிழமை இரவு.
முனிச்சாலையில் சாயப்பட்டறை சாந்தாராம் வீட்டு வாசலில்
நாற்பது ஜோடிச் செருப்பு.
மொட்டைமாடியில் ஒருவன்
ஆன்டெனாவைக் கொடைக்கானல் பக்கம் திருப்பித் திருப்பி
"தெரியுதா? தெரியுதா?"
"இன்னும் கொஞ்சம் அங்கிட்டு! போதும், போதும், இங்கிட்டு!"
ஒரு நேரம் இரண்டு கிருபாநிதிகள் தெரிந்தார்கள்,
பிறகு ஒருவன் மற்றவனுக்குள் போய்விட்டான்.

அந்த இடம் வந்தது. அந்த மௌனம்.
கைதட்டலுக்காக அவன் திறந்துவைத்த வாசலில்
வெற்றிலை போட்ட தொண்டையோடு நான் நுழைந்தேன்.
"இனிமே அது அவன் வீடு."

அறை முழுக்க ஒரு சிலிர்ப்பு.
"மனசாட்சி பேசுதுப்பா" என்றார் சாந்தாராம்.
"மனசாட்சியேதான்" என்றார் எல்.ஐ.சி. ஏஜென்ட்.
பெண்கள் பக்கம் யாரோ மூக்கைச் சிந்தினார்கள்.
என் மனைவி மட்டும் திரும்பி
இருட்டில் என்னைத் தேடிக் கண்டுபிடித்து,
முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு
தோள் குலுங்கச் சிரித்தாள்.
ஒரு நாடகத்துக்கும் வந்திராதவள்.
"மோர் ஊத்துன்னு கேக்குற குரல்தானே அது?
இதுக்கா மெட்ராஸ் போனீங்க?"
கீழவெளி வீதி தாண்டும்வரை சிரித்தாள்.
எனக்கு ஏனோ
அன்றைக்குத்தான் சம்பளம் வாங்கியது மாதிரி இருந்தது.

அடுத்த செவ்வாய் வேறொரு குழு, வேறொரு கதை,
இழுத்து இழுத்துச் சாகும் ஒரு அப்பா.
எல்லோரும் அவர் முகத்தைப் பார்த்தார்கள்.
நான் கட்டில் விரிப்பின் ஓரத்தைப் பார்த்தேன்.
தரையைத் தொட அதற்கு நாலு விரற்கடை குறைந்தது.
அந்த இடைவெளியில் ஏதோ அசைந்தது.
முழங்கை என்றுதான் இப்போதும் சொல்வேன்.